பியெத்ரார்சாவில் ஒருநாள் இறங்கு

அன்புள்ள கயல்விழிக்கு,

பெரியப்பா எழுதுகிறேன். போனில் பேசினால் பாதியிலேயே உன் வகுப்புக்கு நேரமாகிவிடுகிறது. அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். நிதானமாகப் படி.

போன ஞாயிறு நீ சொன்னது மனதிலேயே நிற்கிறது. "போர்த்திச்சியில் ஏறினால் நடுவில் ஒரு குட்டி ஸ்டேஷன், அதற்கடுத்தது என் ஸ்டேஷன், அவ்வளவுதான் பெரியப்பா பயணம்" என்றாய். அந்தக் குட்டி ஸ்டேஷனுக்குப் பெயர்கூட நீ சொல்லவில்லை. எனக்குத் தெரியும். பியெத்ரார்சா - சான் ஜோர்ஜோ அ கிரெமானோ. 2018-இல் பெரியம்மாவும் நானும் நேப்பிள்ஸ் வந்தபோது எல்லாரும் பொம்பெயிக்குப் போனார்கள். நான் பெரியம்மாவைக் கெஞ்சி ஒரு முழு நாளை அந்த ஸ்டேஷனுக்காக வாங்கினேன். பாய்லர் ஷாப்பில் ஃபிட்டராக வாழ்ந்தவனுக்கு அது ஒரு க்ஷேத்திரம். ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் பெயர். பலகையில் இருப்பது இரண்டு பெயர். பின்பாதியில் வரும் சான் ஜோர்ஜோ அ கிரெமானோ என்ற ஊருக்குக் கடற்கரையே கிடையாது. மேட்டுப்பக்கம், எரிமலைச் சரிவை நோக்கி இருக்கிறது. தண்டவாளமோ கடலை ஒட்டி ஓடுகிறது. ஊர் ஓரிடம், அதன் பெயரைச் சுமக்கும் ஸ்டேஷன் இன்னோரிடம். ரயில்வேயில் இது உலகமெங்கும் நடப்பதுதான். பாதை எங்கே போக முடியுமோ அங்கே போகிறது, பக்கத்தில் எந்த ஊர் இருக்கிறதோ அதன் பெயரைக் கடன் வாங்கிக்கொள்கிறது. ஒரு ஸ்டேஷனைப் புரிந்துகொள்ள வேண்டுமென்றால் இந்த இடைவெளியில் தொடங்கு. பாதை ஏன் ஊருக்குள் போகாமல் இங்கே வந்தது என்று கேள்.

இங்கே பதில் வெசூவியஸ். மலை கடல்வரை சரிந்து இறங்குகிறது. சமதளம் என்று கிடைப்பது கரையோரத்தில் ஒரு மெல்லிய பட்டை மட்டும். உனக்குக் கணக்குப் பிடிக்கும், ஆகவே சொல்கிறேன். சமதளத் தண்டவாளத்தில் 1 டன் பாரத்தை நகர்த்த, அந்தக் காலப் பெட்டிகளுக்குச் சுமார் 4 கிலோ இழுவிசை போதும். 100 அடிக்கு 1 அடி ஏறும் மேடு என்றால் அதோடு இன்னும் 10 கிலோ சேர்ந்துவிடும். கண்ணுக்கே தெரியாத ஏற்றம், வேலை மூன்றரை மடங்கு. மாட்டுவண்டிக்காரன் பொருட்படுத்தாத மேட்டில் எஞ்சின் திணறும். வழவழப்பான இரும்பின் மேல் வழவழப்பான இரும்பு உருள்வதுதான் ரயிலின் பலம், அதுவேதான் அதன் பலவீனமும். அதனால் தொடக்ககால என்ஜினியர்கள் தண்ணீரைப் போலவே யோசித்தார்கள். மட்டம் எங்கே என்று தேடினார்கள். நேப்பிள்ஸில் மட்டம் கடலோரம்.

பெயரின் முன்பாதி இன்னும் பழையது. பியெத்ரார்சா என்றால் எரிந்த கல். அதற்கு முன்பு அந்தக் கரைக்கு வெள்ளைக்கல் என்று பொருள்படும் பெயர் இருந்தது. 1631 டிசம்பரில் வெசூவியஸ் வெடித்தது. மூவாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். எரிமலைக் குழம்பு கடலைத் தொட்டது, வெள்ளைக்கல் எரிந்த கல்லாயிற்று. நீ குடியிருக்கும் போர்த்திச்சியிலேயே 1632-இல் அன்றைய ஸ்பானிய அரசப் பிரதிநிதி நட்ட ஒரு கல்வெட்டு சாலையோரம் நிற்கிறது. லத்தீன் மொழியில், வரப்போகும் சந்ததியாரைக் கூப்பிட்டுப் பேசுகிறது: இந்த மலை மறுபடியும் எரியும், அறிகுறி கண்டதும் பொருளைப் பார்க்காமல் ஓடுங்கள் என்று. தேடிப் பார். மலை கடைசியாகக் கக்கியது 1944-இல். நீ இருக்கும் இடம் அரசாங்கம் குறித்த சிவப்பு மண்டலம். எச்சரிக்கை வந்தால் 72 மணி நேரத்துக்குள் மொத்த ஜனங்களையும் வெளியேற்றுவதற்குத் திட்டம் வைத்திருக்கிறார்கள். உன்னைப் பயமுறுத்த எழுதவில்லை. ஆனால் உன் பேட்டைக்கான திட்டம் என்ன, எங்கே கூடவேண்டும் என்பதை நகராட்சியில் கேட்டு வைத்துக்கொள். பெரியப்பா சொன்னதாக இதை ஒன்றையாவது செய்.

இப்போது ரயிலுக்கு வருகிறேன். நீ தினமும் போகும் அந்தப் பாதைதான் இத்தாலியின் முதல் ரயில் பாதை. பின்னாளில் வந்த மிலானும் தூரினும் பேர் வாங்கியதால் பலருக்கு இது தெரிவதில்லை. 1839 அக்டோபர் 3. அப்போது இத்தாலி என்றொரு நாடே கிடையாது. தெற்கே இரு சிசிலிகளின் அரசு, நேப்பிள்ஸ் தலைநகர், இரண்டாம் ஃபெர்தினாந்து அரசர். பாதை போட்டவர் அர்மான் பயார் என்ற பிரெஞ்சு என்ஜினியர். எஞ்சின் இங்கிலாந்தில் லாங்ரிட்ஜ் கம்பெனியில் செய்தது, அதற்கு வெசூவியோ என்றே பெயர் வைத்தார்கள். 258 பேரை ஏற்றிக்கொண்டு போர்த்திச்சிவரை ஏழு கிலோமீட்டருக்குச் சற்று மேல் ஓடியது. எடுத்துக்கொண்டது ஒன்பதரை நிமிடம். சால்வதோரே ஃபெர்கோலா என்ற ஓவியர் அந்த நாளை ஓவியமாகத் தீட்டியிருக்கிறார். மிலானிலிருந்து மொன்ட்சாவுக்கு இரண்டாவது பாதை வந்தது அடுத்த வருஷம்தான்.

போர்த்திச்சிவரை ஏன்? அங்கே அரண்மனை இருந்தது. 1738-இல் கட்டத் தொடங்கிய அதே அரண்மனையில்தான் இன்று நேப்பிள்ஸ் பல்கலைக்கழகத்தின் வேளாண்துறை நடக்கிறது. அரசரின் வசதிக்கென்று போட்ட பாதை என்று இதைச் சிலர் குறைத்துச் சொல்வார்கள். எனக்கு அதில் முழுச் சம்மதம் இல்லை. தொடக்கத்திலேயே இரட்டைத் தடம் போட்டார்கள், 1842-இல் காஸ்தெல்லம்மாரேவரை நீட்டினார்கள், அங்கே கப்பல் கட்டும் தளம் இருந்தது. வெறும் பொழுதுபோக்குக்கு யாரும் இவ்வளவு செய்வதில்லை.

ஆனால் ஒரு விலை கொடுத்தார்கள். கிரனதெல்லோ துறைமுகத்தருகே, நீ ஏறும் போர்த்திச்சி ஸ்டேஷன் பக்கத்திலேயே, கடலைப் பார்த்து நிற்கும் ஒரு பெரிய மாளிகை இருக்கிறதே, அது எல்பூஃப் இளவரசர் 1711-இல் கட்டியது. மண்ணுக்கடியில் புதைந்திருந்த ஹெர்குலேனியம் நகரத்தின் அகழ்வு தொடங்கியது அவர் தோண்டிய குழிகளால்தான். அந்த மாளிகைக்கும் ஊருக்கும் நடுவே தண்டவாளம் புகுந்தது. அன்றிலிருந்து அந்தக் கரையோர ஊர்கள் எல்லாமே தங்கள் கடலைத் தண்டவாளத்துக்கு அப்பால் பார்க்கின்றன. நீ கடற்கரைக்குப் போக எத்தனை முறை சுரங்கவழி தேடியிருப்பாய், யோசித்துப் பார்.

சரி, என் க்ஷேத்திரத்துக்கு வருகிறேன். பியெத்ரார்சாவில் இறங்கினால் தண்டவாளத்துக்கும் கடலுக்கும் நடுவே நீளநீளமான கூடங்கள் தெரியும். அவை ஒரு ஒர்க்‌ஷாப். 1840-களில் ஃபெர்தினாந்து அரசர் நிறுவியது. கப்பலுக்கும் ரயிலுக்கும் வேண்டிய நீராவி எஞ்சின்களை வெளிநாட்டுக் கைகளை நம்பாமல் நம் கைகளாலேயே செய்துகொள்ள வேண்டும் என்பது அவருடைய பிடிவாதம். வார்ப்படம், கொல்லுப்பட்டறை, பாய்லர், கடைசல் எல்லாம் ஒரே வளாகத்தில். எஞ்சின் ஓட்டுபவர்களுக்கு ஒரு பள்ளியும் வைத்தார்கள். முற்றத்தில் அரசரின் சிலை நிற்கிறது, நான்கு மீட்டருக்கும் மேல் உயரம், வார்ப்பிரும்பு. அங்கேயே 1852-இல் வார்த்தது. நான் அரசரின் முகத்தைப் பார்க்கவில்லை. அந்த அளவு உருவத்துக்கு அச்சு கட்டி, உருகிய இரும்பை நிற்காமல் ஊற்றி, வெடிப்பில்லாமல் ஆறவிட்ட கைகளை நினைத்துக்கொண்டு நின்றேன். வார்ப்படத்தில் வேலை பார்த்த எங்கள் மூத்த மேஸ்திரி இதைப் பார்த்திருக்க வேண்டும்.

அந்தக் கைகளுக்கு என்ன ஆயிற்று என்பதையும் நீ தெரிந்துகொள்ள வேண்டும். 1861-இல் இத்தாலி ஒரே நாடாயிற்று. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் வேலை செய்த பட்டறை அது. புது அரசாங்கத்துக்கு அது பாரமாகத் தெரிந்தது. 1863-இல் யாகோபோ போட்சா என்ற முதலாளிக்குக் குத்தகைக்கு விட்டார்கள். ஆட்குறைப்பு வந்தது, கூலியில் கைவைத்தார்கள். அந்த வருஷம் ஆகஸ்டு 6-ஆம் தேதி தொழிலாளர்கள் முற்றத்தில் திரண்டார்கள். பெர்சாலியேரி என்ற துப்பாக்கிப் படை உள்ளே வந்தது. பயோனெட், பிறகு சூடு. குறைந்தது நான்கு பேர் இறந்தார்கள், பலர் காயம்பட்டார்கள். ஓடியவர்களில் சிலர் கடலில் குதித்தார்கள். பட்டறைக்குப் பின்னால் வேறு வழி இல்லை. மே தினத்துக்குக் காரணமான சிகாகோ சம்பவம் 1886. இது அதற்கு 23 வருஷம் முந்தியது. ஒன்றுபட்ட இத்தாலியில் வேலைக்காக வாய் திறந்து உயிர்விட்ட முதல் தொழிலாளர்களில் இவர்களும் உண்டு. அந்த முற்றத்தில் இன்று எலுமிச்சையும் நிழலும் நன்றாக இருக்கின்றன. பெரியம்மா அங்கே உட்கார்ந்து ஆரஞ்சு உரித்துக்கொடுத்தாள், எனக்கு விழுங்க முடியவில்லை.

பட்டறை அதோடு சாகவில்லை. 1905-இல் இத்தாலி அரசு ரயில்வே உருவானபோது அதன் கைக்கு வந்தது, நீராவி எஞ்சின்களைப் பழுதுபார்த்தது. மின்சாரமும் டீசலும் வந்து நீராவி குறையக் குறைய வேலையும் குறைந்து 1975-இல் மூடினார்கள். பாதையின் நூற்றைம்பதாவது ஆண்டில், 1989-இல், தேசிய ரயில்வே மியூசியமாகத் திறந்தார்கள். நடுவில் பல வருஷம் மூடிக்கிடந்து, 2017-இல் முழுமையாகச் சீர்செய்தார்கள். நீராவி எஞ்சின்களைச் செய்த, பழுதுபார்த்த அதே கூடங்களில் இன்று எஞ்சின்கள் நிற்கின்றன. வேறு எங்கோ கட்டிய புதுக் கட்டடத்தில் கொண்டுபோய் நிறுத்தியிருந்தால் எனக்கு இந்த அளவுக்கு மனது இளகியிருக்காது. எங்கள் ஷாப்பைப் போலவே மேலே ஜன்னல் வரிசை, கீழே தடம். அந்த எண்ணெய் வாசனை மட்டும் இல்லை.

சான் ஜோர்ஜோவைப் பற்றி ஒன்று விட்டுவிட்டேன். "இல் போஸ்தீனோ" படம் உன்னோடு சேர்ந்து பார்த்தோம், நினைவிருக்கிறதா? அதில் தபால்காரராக நடித்த மஸ்ஸிமோ த்ரொயீசி பிறந்த ஊர் அது, 1953-இல். அப்பா ரயில்வேக்காரர். படப்பிடிப்பு முடிந்த மறுநாளே, 1994 ஜூன் 4-ஆம் தேதி, இதயநோயால் இறந்துபோனார். நாற்பத்தோரு வயது. அந்தப் பலகையில் அவர் ஊரின் பெயரைப் பார்த்தபோது பெரியம்மா சட்டென்று எழுந்து ஜன்னலுக்கு வந்தாள்.

தொழில்முறையில் ஒரு நுணுக்கம். இத்தாலிக்காரர்கள் ஸ்தாத்சியோனே என்றும் ஃபெர்மாதா என்றும் இரண்டு சொல் வைத்திருக்கிறார்கள். பாயிண்ட்ஸ் இருந்து, ஒரு ரயிலை ஒதுக்கி இன்னொன்றை முன்னே விட முடிகிற இடம் முதலாவது. ரயில் நிற்கும், ஆள் ஏறி இறங்குவார்கள், தடம் பிரியாது என்றால் இரண்டாவது. நம் ஊர் ஹால்ட் மாதிரி. நீ போகும் வழியெல்லாம் தடம் எங்கே பிரிகிறது, எங்கே பிரியவில்லை என்று பார்த்துக்கொண்டே போ. ஒரு வாரத்தில் அந்தப் பாதையின் நாடித்துடிப்பு கைக்கு வந்துவிடும். 2008-இல் மலைக்குப் பின்புறமாக வேகப் பாதை வந்தது. நெடுந்தூர ரயில்கள் பெரும்பாலும் அங்கே போய்விட்டதால் கடலோரப் பாதை உன்னைப் போன்ற தினப்பயணிகளுக்கே மிஞ்சியது. எனக்கு அதில் வருத்தமில்லை. பாதை தொடங்கியதே அந்த ஏழு கிலோமீட்டருக்காகத்தானே.

நீ படிக்கும் இடமும் இதே கதையின் கிளைதான். சான் ஜொவான்னி அ தெதூச்சோவில் உன் ஆப்பிள் அகாடமி 2016-இல் தொடங்கிய அந்த வளாகம், சிரியோ கம்பெனி தக்காளியை டப்பாவில் அடைத்த ஆலை இருந்த இடம். இரும்பு, தக்காளி, இப்போது உன் ஆப். எல்லாம் ஒரே தண்டவாளத்தை ஒட்டி.

வரும் சனிக்கிழமை வகுப்பு இல்லையென்றாய். போர்த்திச்சியில் ஏறும்போது இடதுபக்கம் உட்கார், கடல் அந்தப் பக்கம். அடுத்த நிறுத்தத்தில் இறங்கு. நல்ல செருப்பு போட்டுக்கொள், உள்ளே நடை அதிகம். முதல் கூடத்திலேயே பயார் என்ற எஞ்சினின் மாதிரி நிற்கும், நூற்றாண்டுக்காக 1939-இல் அச்சு அசலாகச் செய்தது. வெசூவியோவுக்குத் தம்பி. பக்கத்துக்கு மூன்று சக்கரம், நடுவில் இருப்பது பெரியது, நீராவி தள்ளுவது அதை மட்டும்தான். ஸ்டீபன்சன் இந்த அமைப்புக்கு உரிமை வாங்கியபோது நடுச்சக்கரத்துக்கு விளிம்பே வேண்டாம் என்றார், வளைவில் தண்டவாளத்தை நெரிக்கக் கூடாது என்பதற்காக. குனிந்து பயாரின் நடுச்சக்கரத்தைப் பார். விளிம்பு இருக்கிறதா இல்லையா என்று எழுது. முடிந்தால் ஒரு படம், பக்கவாட்டில், தண்டவாளம் தெரியும்படி.

பெரியம்மா நாரத்தை ஊறுகாய் போட்டிருக்கிறாள். வருகிறவர் யாராவது இருந்தால் சொல், கொடுத்தனுப்புகிறோம்.

அன்புடன்,
பெரியப்பா