கடுக்காயும் கள்ளிச்சாறும்

மாணவர்களே! ஆலத்தியூர்ப் பக்கம் போனவர்கள் சுண்ணாம்புக்கல் ஏற்றிச் செல்லும் லாரிகளைப் பார்த்திருப்பீர்கள். அரியலூர் வட்டாரத்து மண்ணுக்கடியில் கிடக்கும் இந்தக் கல், கிரெட்டேசியக் காலத்தில் இங்கே அலையடித்த கடல் விட்டுச் சென்ற சொத்து. இதைக் கொண்டு சுண்ணாம்பும் செய்யலாம், சிமெண்டும் செய்யலாம். இரண்டும் ஒரே கல்லின் பிள்ளைகள்தாம். ஆனால் ஒன்று இருக்க வேண்டிய இடத்தில் மற்றொன்றை வைத்தால் என்ன ஆகும்? உலகின் மறுபக்கத்தில், அமெரிக்கப் பாலைவனத்தில் நிற்கும் ஒரு மாதா கோவில் இதற்கு விடை சொல்கிறது.

அந்தக் கோவிலின் கதையை நம் மாவட்டத்திலிருந்தே தொடங்கலாம். கொள்ளிடத்துக்கு வடக்கே ஏலாக்குறிச்சி இருக்கிறது. வீரமாமுனிவர் பல ஆண்டுகள் தங்கிப் பணி செய்த ஊர்; அவர் திருக்காவலூர் என்று கலம்பகம் பாடியது இவ்வூரைத்தான். பெஸ்கி என்னும் இயற்பெயர் கொண்ட அவர் 1680 நவம்பரில் இத்தாலியில் பிறந்தார். அவர் பிறந்த சில வாரங்களில் ஒரு பெரிய வால்நட்சத்திரம் வானில் தோன்றியது. பின்னாளில் நியூட்டன் தமது ஈர்ப்பு விதியைச் சோதித்துப் பார்த்தது இதன் பாதையை வைத்துத்தான். கப்பலுக்காக ஸ்பெயின் நாட்டுத் துறைமுகம் ஒன்றில் காத்திருந்த ஓர் இயேசு சபைத் துறவியும் அதை இரவு தோறும் அளந்து குறித்து வைத்தார். அவர் பெயர் கினோ. அவரும் வட இத்தாலிப் பகுதியைச் சேர்ந்தவர், கணிதம் கற்றவர். (அவ்வளவு கற்றும், வால்நட்சத்திரம் தீமையின் அறிகுறி என்றே ஒரு நூலில் எழுதினார்! அளக்கத் தெரிந்தவர்களும் தவறுவதுண்டு.)

கினோ கிழக்கு நாடுகளுக்கு வரவே ஆசைப்பட்டார். சீட்டுக் குலுக்கியதில் மெக்சிகோ என்று விழுந்தது. அப்போது அது ஸ்பானியப் பேரரசின் பகுதி. அதன் வடகோடிப் பாலைவனத்தில், ஓ’ஓதம் என்னும் பழங்குடி மக்கள் வாழ்ந்த ‘வாக்’ என்ற சிற்றூருக்கு அவர் 1692-ல் வந்து சேர்ந்தார். அங்கே அமைந்த சமயநிலையத்துக்குப் புனித சவேரியாரின் பெயரை வைத்தார். ஆம், நம் முத்துக்குளித்துறைக் கடற்கரையில் நடந்து திரிந்த அதே சவேரியார்தான். ஸ்பானியர் நாவில் ஊர்ப்பெயர் ‘பாக்’ என்றாகிவிட, கோவில் ‘சான் ஹவியேர் தெல் பாக்’ ஆயிற்று. இன்று அது அமெரிக்க ஐக்கிய நாடுகளின் அரிசோனா மாநிலத்தில், டூசான் நகருக்குத் தெற்கே இருக்கிறது.

இப்போது நிற்கும் கட்டடம் கினோ கட்டியதன்று. அவர் 1711-லேயே மறைந்தார். 1767-ல் ஸ்பானிய மன்னர் இயேசு சபையினரைத் தம் நாடுகளிலிருந்து வெளியேற்றினார். அடுத்த ஆண்டு பிரான்சிஸ்கன் துறவிகள் வந்தனர். 7,000 பெசோ கடன் வாங்கி 1783-ல் வேலையைத் தொடங்கி, 1797-ல் முடித்தார்கள். முடித்தார்கள் என்றா சொன்னேன்? கிழக்குக் கோபுரம் இன்றும் மொட்டையாகவே நிற்கிறது. சுவரை எழுப்பிய கைகள் ஓ’ஓதம் மக்களுடையவை. ஸ்பானியரோடு வந்த அம்மை முதலிய நோய்கள் அம்மக்களில் பெரும்பகுதியைக் கொண்டுபோயின என்பதையும் மறக்கக் கூடாது. இருந்தும் அவர்கள் வழியினர் இன்றும் அங்கே வாழ்கிறார்கள். கோவிலும் அவர்கள் வழிபடும் கோவிலாகவே இருக்கிறது.

பாலைவனத்தில் நீண்ட உத்தரங்களுக்கு மரம் ஏது? ஆகவே கூரையையும் சுட்ட செங்கல்லாலேயே குவிமாடங்களாக வளைத்தார்கள். சிலுவை வடிவத் தரையமைப்பின் நடுவே, எண்கோண அடித்தளத்தின்மேல் பெரிய குவிமாடம் சுமார் 50 அடி உயரத்தில் நிற்கிறது. செங்கல் அழுத்தத்தைத் தாங்கும், இழுவிசையைத் தாங்காது. குவிமாடமோ கீழ்நோக்கி அழுத்துவதோடு பக்கவாட்டிலும் தள்ளும். அந்தத் தள்ளலைத் தடுக்கத்தான் சுவர்கள் அவ்வளவு தடிமனாக இருக்கின்றன.

செங்கற்களைப் பிணைத்ததும் மேலே பூசியதும் சுண்ணாம்பு. 100 கிலோ தூய சுண்ணாம்புக்கல்லைச் சுமார் 900 டிகிரி செல்சியசில் சுட்டால் 44 கிலோ கரியமில வாயுவாகப் போய்விடும். 56 கிலோ சுட்ட சுண்ணாம்பு மிஞ்சும். நீர் ஊற்றினால் கொதித்து நீற்றுச் சுண்ணாம்பாகும். அதைச் சுவரில் பூசினால், காற்றிலுள்ள கரியமில வாயுவை மெல்ல மெல்ல உறிஞ்சி மீண்டும் கல்லாகிறது. பொறுமை வேண்டும், ஆனால் கிடைப்பது நுண்துளைகள் நிறைந்த, சற்றே நெகிழ்ந்து கொடுக்கும் கல்.

இருபதாம் நூற்றாண்டில் பழுதுபார்த்தவர்கள் நல்ல எண்ணத்தோடு சிமெண்டைப் பூசினார்கள். உறுதியானது, விரைவில் இறுகுவது, நீர் புகாதது, வேறென்ன வேண்டும்? இங்கேதான் இயற்பியல் குறுக்கிட்டது. செங்கல்லின் நீள்விரிவுக் குணகம் ஒரு டிகிரிக்கு ஏறத்தாழ பத்து இலட்சத்தில் 6 பங்கு. சிமெண்டுக் கலவைக்கு ஏறத்தாழ 11 பங்கு. 10 மீட்டர் நீளச் சுவரில் பகலுக்கும் இரவுக்கும் 30 டிகிரி வேறுபாடு என்று கொள்ளுங்கள். செங்கல் 1.8 மில்லிமீட்டர் நீளும், சிமெண்டோ 3.3 மில்லிமீட்டர் நீள முயலும். ஒட்டிக்கொண்டிருக்கும் இரண்டும் நாள்தோறும் இப்படி இழுபறி செய்தால் மயிரிழை வெடிப்புகள் தோன்றாமல் என்ன செய்யும்?

வெடிப்பு வழியே மழைநீர் நுழைகிறது. சுண்ணாம்புப் பூச்சாக இருந்தால் வெயில் வந்ததும் அதன் நுண்துளைகள் வழியே ஆவியாகிவிடும். சிமெண்டுப் பூச்சு அதற்கு இடம் தருவதில்லை. எனவே ஈரம் சுவருக்குள்ளேயே தங்கிச் செங்கல்லை இளக்குகிறது. உட்புறமாகப் பரவி, கரைந்த உப்புகளையும் இழுத்துச் செல்கிறது. உப்பு படிகமாகும்போது நுண்துளைகளை நெம்பி உடைக்கும். கோவிலின் உட்சுவர் ஓவியங்கள் உதிரத் தொடங்கியது இந்த ஈரத்தால்தான். நானும் இந்தத் தவறைச் செய்தவன். எங்கள் பழைய வீட்டில் இடுப்பளவு வரை ஓதம் காத்திருந்த சுவருக்குச் சிமெண்டு பூசினேன். மறு மழைக்காலத்தில் ஓதம் தோள் உயரத்துக்கு ஏறிவிட்டது! வெளியேற வழியில்லாத நீர், நுண்புழை ஏற்றத்தால் பூச்சு முடியும் இடம்வரை ஏறத்தானே செய்யும்? வகுப்பில் ஆண்டுதோறும் நான் நடத்தும் பாடம் அது.

1980-களின் இறுதியில் அங்கே சிமெண்டைப் பெயர்த்துவிட்டு மீண்டும் சுண்ணாம்புக்கே திரும்பினார்கள். சுண்ணாம்போடும் மணலோடும் அவர்கள் சேர்த்தது என்ன தெரியுமா? சப்பாத்திக்கள்ளியின் சாறு! அதிலுள்ள கொழகொழப்பான பசை கலவையைச் சுவரோடு ஒட்ட வைக்கிறது. நீர் சட்டென உலர்ந்துவிடாமல் காக்கிறது. நம் கொத்தனார்கள் கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீரை விட்டுச் சுண்ணாம்பு அரைத்ததும் கலவையைப் பதப்படுத்தத்தான். சப்பாத்திக்கள்ளி நம் நாட்டுக்கு வந்ததே அமெரிக்காவிலிருந்துதான் என்பது இன்னொரு வேடிக்கை. 1992 முதல் 1997 வரை பன்னாட்டு வல்லுநர்கள் உட்புற ஓவியங்களைச் சீராக்கியபோது, உள்ளூர் ஓ’ஓதம் மக்களும் அந்தக் கலையைக் கற்றுக்கொண்டார்கள்.

பூச்சில் செய்த தவறுக்கு நம் நாட்டிலும் சான்று உண்டு. அது நேர் எதிரான தவறு. சவேரியாரின் உடல் வைக்கப்பட்டிருக்கும் கோவா போம் ஜேசு கோவில் 1605-ல் அர்ச்சிக்கப்பட்டது. செம்புரைக்கல் சுவர்களுக்குச் சுண்ணாம்புப் பூச்சு இருந்தது. 1950-களில், பழமையாகத் தோன்றட்டும் என்று வெளிப்பூச்சை உரித்துவிட்டார்கள். துளை மிகுந்த அந்தக் கல் அன்றுமுதல் பருவமழையில் நேரடியாக நனைந்து அரித்து வருகிறது. மீண்டும் பூசவேண்டும் என்று அறிந்தவர்கள் சொல்கிறார்கள். சிவந்த சுவரைப் பார்த்துப் பழகிய கண்களுக்கோ மனம் வரவில்லை. பூசுவதே சரி என்பது என் கருத்து.

சிமெண்டைக் குறை சொல்வதாக ஆலத்தியூர் நண்பர்கள் எண்ண வேண்டாம். அணையும் பாலமும் அதனாலன்றி ஆகா. பழைய சுண்ணாம்புச் சுவரின்மேல் அது ஏறக் கூடாது என்பதே பேச்சு.

இதை நீங்களே சோதிக்கலாம். ஒரே அளவான இரண்டு செங்கற்களில் ஒன்றுக்குச் சுண்ணாம்புக் கலவையும் மற்றொன்றுக்குச் சிமெண்டுக் கலவையும் எல்லாப் பக்கமும் ஒரே தடிமனில் பூசுங்கள். ஒரு மாதம் இறுக விட்டு, எடை பாருங்கள். பிறகு ஒரு நாள் முழுதும் நீரில் ஊறவைத்து எடுத்து, நிழலில் வைத்து, தினமும் ஒரே நேரத்தில் நிறுத்து வரைபடத்தாளில் குறியுங்கள். பழைய எடைக்கு முதலில் திரும்புவது எது, அடுத்தது எத்தனை நாள் பிந்துகிறது என்று பாருங்கள்.