விபத்தில் காயமுற்ற பயணிக்கு இழப்பீடு

இந்தியாவில் பேருந்து விபத்தில் காயமுற்ற பயணி, 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின்கீழ் இழப்பீட்டு மனுக்களை விசாரிக்கவென்றே அமைந்த மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தை, விபத்து நடந்த பகுதியில் மட்டுமன்றித் தாம் வசிக்கும் பகுதியிலும் அணுகலாம். ஆனால் 2022 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த திருத்தம் இதற்கு ஆறு மாதக் கெடு விதித்திருப்பதால், முழுமையாகக் குணமடையும்வரை காத்திருத்தல் கூடாது.

இரு வாகனங்களின் ஓட்டுநர்களும் தவறிழைத்து மோதிய நிலையில், அதாவது கூட்டுக் கவனக்குறைவில், எவர் தவறு எவ்வளவு என்று நிறுவும் சுமை பயணியைச் சேராது என்பதும், அவர் எந்தத் தரப்பிடமிருந்தும் முழுத் தொகையைப் பெறலாம் என்பதும் 2015இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியவை. பலர் அறியாத இவ்வுரிமை மிக முக்கியமானது.

பயணச்சீட்டு, மருத்துவமனை விபத்துப் பதிவேட்டின் நகல், மருந்து ரசீதுகள், ஊதியச் சான்று ஆகியவற்றைப் பாதுகாப்பதோடு, காவல்துறை ஆவணங்களில் தம் பெயர் காயமுற்றோருள் இடம்பெற்றுள்ளதா என்பதையும் தொடக்கத்திலேயே சரிபார்க்க வேண்டும்.