அங்கியை நம்பும் ஊர்

அன்புள்ள தம்பி,

போலிச் சாமியாரைப் பற்றி நீ எழுதிய குறும்படக் கதையைப் படித்தேன். முதல் காட்சியிலேயே சாமியார் கேமராவைப் பார்த்துக் கண்ணடிக்கிறார். பக்தர்கள் அத்தனை பேரும் வடிகட்டின அசடுகள். இதில் சிரிக்க என்ன மிச்சம் இருக்கிறது? மறுபடி எழுதுமுன் சாப்ளினின் 'த பில்கிரிம்' பார். 1923இல் வந்தது, நாலே ரீல்.

சிறையிலிருந்து தப்பிய ஒருவன் பாதிரியார் உடையைத் திருடி மாட்டிக்கொண்டு டெக்சஸில் ஏதோ ஒரு சிற்றூரில் இறங்குகிறான். புதுப் பாதிரியாரை எதிர்பார்த்து நிற்கும் ஊர்க்காரர்கள் அவனைக் கோயிலுக்கு அழைத்துப் போய்விடுகிறார்கள். யாரையும் ஏமாற்ற அவன் திட்டம் போடவில்லை, கவனி. தப்பித்தால் போதும் அவனுக்கு. பாதிரியார் வேண்டும் என்ற தவிப்பு ஊருக்குத்தான்.

உடை மாறினாலும் கை மாறவில்லை. ரயில்நிலையத்தில் டிக்கெட் ஜன்னலின் கம்பிகளை ஜெயில் கம்பி மாதிரி பற்றிக்கொள்கிறான். பாடகர் குழுவில் பன்னிரண்டு பேரைக் கண்டதும் ஜூரி என்று நினைத்து, பைபிளில் கைவைத்துச் சத்தியம் செய்யத் தயாராகிறான். காணிக்கைப் பெட்டிகளைத் தூக்கி எடை பார்க்கிறான். குறைவாகப் போட்ட பக்கத்துக்கு ஒரு முறைப்பு!

அப்புறம் பிரசங்கம். ஊமைப் படத்தில் பிரசங்கம் வைக்கத் தனித் துணிச்சல் வேண்டும். தாவீது, கோலியாத் கதையை உடம்பாலேயே நடிக்கிறான்: அரக்கனின் உயரம், கவண்கல், வெட்டிய தலை. பெரியவர்கள் உறைந்துபோய் உட்கார்ந்திருக்க, ஒரு பையன் மட்டும் கைதட்டுகிறான். உடனே இவன் நாடகக்காரனைப் போலத் திரும்பத் திரும்ப வந்து குனிந்து வணங்குகிறான். அந்தச் சபையில் ஏமாறாதவன் அந்தப் பொடியன்தான். அவன் பார்த்தது நல்ல நடிகனை.

ஊர்க்காரர்களும் அசடுகள் இல்லை. மதுவிலக்குக் காலத்தில் பின்பாக்கெட்டில் புட்டியோடு அலையும் சபை மூப்பர் ஒருவர் இருக்கிறார். மாக் ஸ்வெய்ன் நடித்தது. பென்சில்வேனியா தணிக்கைக் குழுவுக்கு இதெல்லாம் பொறுக்கவில்லை, மதகுருமாரைக் கேலி செய்கிறது என்று தடை போட்டது.

சோவியத் இயக்குநர் புரொத்தசானவ் 1930இல் எடுத்த 'புனித ஜோர்கனின் திருவிழா' வேறு வழி. அங்கே திருடன் புனிதராகிவிட, மடத்துப் பெரியவர்களே வியாபாரத்துக்காக அவனை ஒப்புக்கொள்கிறார்கள். கிண்டல் கூர்மைதான், ஆனால் பிரசாரத்தின் கை தெரிகிறது. எனக்குச் சாப்ளின் பக்கம்தான் மனசு.

உன் சாமியார் முன்பு என்ன வேலை பார்த்தான் என்று முதலில் முடிவு செய். பஸ் கண்டக்டர் என்று வை. விபூதி மடித்துக் கொடுக்குமுன் விரலால் எச்சில் தொட்டுக்கொள்ளட்டும், சில்லறை இல்லாதவரை முறைக்கட்டும். சாமியார் ஏன் அப்படிச் செய்கிறார் என்பதற்குப் பக்தர்களே தெய்வீகக் காரணம் சொல்லட்டும். அந்தக் கண்ணடிப்பை மட்டும் வெட்டிவிடு.

அன்புடன்,
அண்ணன்