ஜான்சிராணிப் படை

உடுமலைப்பேட்டைக்குத் தெற்கே, ஆனைமலை அடிவாரத்தில் உள்ளது அமராவதி நகர். அங்கு 1962ஆம் ஆண்டில் சைனிக் பள்ளி நிறுவப்பெற்றது. நெடுங்காலம் சிறுவர்க்கே உரியனவாயிருந்த சைனிக் பள்ளிகளில் 2021-22ஆம் கல்வியாண்டு முதல் சிறுமியரும் சேர்க்கப்பெறலாயினர். ஆயினும், படைப்பயிற்சி பெண்டிர்க்கு ஒவ்வாது என்னும் கருத்தை ஏறத்தாழ எண்பது ஆண்டுகளுக்கு முன்னரே பொய்ப்பித்த தமிழ்ப் பெண்கள் உளர். அவர்களே இந்திய தேசிய இராணுவத்தைச் சேர்ந்த ஜான்சிராணிப் படையினர்.

1943ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூர் வந்தடைந்தார். 1857ஆம் ஆண்டுக் கிளர்ச்சியில் வாளேந்திய ஜான்சிராணியின் பெயரால் மகளிர் காலாட்படை ஒன்று அமைக்க அவர் விரும்பினார். சென்னையில் மருத்துவம் பயின்று சிங்கப்பூரில் தொழில் நடத்தி வந்த டாக்டர் இலட்சுமி அதன் தலைமையை ஏற்றார். ஜூலை 12ஆம் நாள் பெண்கள் சிலர் புடவை உடுத்தியவாறே துப்பாக்கி ஏந்தி நேதாஜிக்கு அணிவகுப்பு மரியாதை செய்தனர். அக்டோபர் 22ஆம் நாள் பயிற்சி முகாம் தொடங்கிற்று.

படையிற் சேர்ந்தோருள் பெரும்பாலோர் மலேயாவின் இரப்பர்த் தோட்டங்களில் வாழ்ந்த தமிழ்ப் பெண்கள். அவர்களுள் பலர் இந்தியாவைக் கண்ணாலும் கண்டதில்லை. கோலாலம்பூரைச் சேர்ந்த ஜானகி தேவர், பதினெட்டு வயதில், தம் அணிகலன்களைக் கழற்றி நேதாஜியிடம் அளித்துப் படையிற் சேர்ந்தார்.

1944இல் படையின் ஒரு பகுதி பர்மா சென்றது. ஆயின், இம்பால் போர் தோல்வியில் முடிந்தமையால் அவர்கள் போர்முனையை அடைய இயலவில்லை. மேமியோவில் காயமுற்ற வீரர்க்குப் பணிவிடை செய்தனர். 1945 ஏப்ரலில் இரங்கூனை விட்டுப் பின்வாங்குங்கால், நேதாஜியும் அவர்களுடன் நெடுந்தொலைவு நடந்தார். குண்டுவீச்சுக்கு அஞ்சிப் பகலில் ஒளிந்தும் இரவில் நடந்தும் ஆறுகளைக் கடந்தனர். வழியில் தாக்குண்டு உயிர் நீத்தோரும் உண்டு.

‘களம் காணாத படை யாது சாதித்தது?’ எனச் சிலர் வினவலாம். பகைவரை வெல்வது ஒன்றே வீரம் அன்று. பிறர் ஏவலுக்கு உழைத்துப் பழகிய பெண்கள், தாம் காணாத தாயகத்தின் விடுதலைக்காகத் தாமே முன்வந்து துப்பாக்கி ஏந்தினர். தோல்வி வந்துற்றபோதும் ஒழுங்கு குலையாது நின்றனர். அஃதே அவர்தம் வெற்றி.

இலட்சுமி 1998இல் பத்மவிபூஷண் விருதும், ஜானகி 2000இல் பத்மஸ்ரீ விருதும் பெற்றனர். தோட்டங்களுக்கே மீண்ட தோழியர் பலருக்கோ விருதும் இல்லை. வரலாற்றில் பெயரும் இல்லை. அவர்களையும் நன்றியுடன் நினைத்தல் நம் கடமையாகும்.