விபத்தும் நஷ்ட ஈடும்: நம்மவர் அறிய வேண்டியவை

ஆலயச் செயற்குழுவிடம் ஆண்டுதோறும் வந்து சேரும் உதவி மனுக்களுள் சாலை விபத்தில் சிக்கிய குடும்பங்களின் மனுக்களும் இருக்கின்றன. வேலைக்குப் போகையில் கணவர் மோட்டார் சைக்கிளோடு அடிபட்டார், கால் போயிற்று, பிள்ளைகளின் பள்ளிச் செலவுக்கு ஏதேனும் செய்யுங்கள் என்பார்கள். நன்கொடையாளர்களின் புண்ணியத்தால் இயன்றதைச் செய்கிறோம். ஆனால், "நஷ்ட ஈடு கேட்டீர்களா?" என்று நான் வினவினால், "மோதியவரும் ஏழைதான் ஐயா, அவரிடம் என்ன கேட்பது?" என்று பதில் வரும்.

இங்கேதான் நம்மவர் ஏமாறுகிறார்கள். 1987-ஆம் ஆண்டின் சாலைப் போக்குவரத்துச் சட்டப்படி, சாலையில் ஓடும் ஒவ்வொரு வாகனத்திற்கும் மூன்றாம் தரப்புக் காப்புறுதி கட்டாயம். அந்தக் காப்புறுதி, அடிபட்டவருக்காகவே ஏற்பட்டது. பணம் கொடுப்பது காப்புறுதி நிறுவனமே தவிர, அந்த ஏழை ஓட்டுநர் அல்லர். காப்புறுதியே இல்லாத வாகனம் மோதினாலும் வழி முற்றாக அடைபடவில்லை. அத்தகையவர்களுக்கென்றே காப்புறுதி நிறுவனங்கள் சேர்ந்து நடத்தும் எம்.ஐ.பி. என்ற அமைப்பு இருக்கிறது.

விபத்து நடந்த 24 மணி நேரத்திற்குள் வாகனமோட்டி போலீசில் புகார் செய்ய வேண்டும். அவர் மருத்துவமனையில் படுத்திருந்தால் வீட்டார் இதைக் கவனித்துக்கொள்வது நல்லது. புகாரின் நகல், மருத்துவக் குறிப்பு, மருந்து ரசீது, டாக்சிக் கட்டணச் சீட்டு என எதையும் தூக்கி எறியக் கூடாது.

பழைய வாத்தியார் என்பதால் ஒரு கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். நாற்பது வயதுத் தொழிலாளி ஒருவர் மாதம் 2,000 ரிங்கிட் சம்பாதிக்கிறார். விபத்துக்குப் பின் அவரால் எந்த வேலையும் செய்ய இயலவில்லை. 1956-ஆம் ஆண்டின் குடிமைச் சட்டம் இதற்கு ஒரு வாய்பாடு வைத்திருக்கிறது. அறுபதிலிருந்து வயதைக் கழித்து, மீதியை இரண்டால் வகுக்க வேண்டும். இவருக்குப் பத்து ஆண்டுகள், அதாவது 120 மாதங்கள். ஆகவே, எதிர்கால வருமான இழப்பு 2,40,000 ரிங்கிட். இதிலிருந்து அவருடைய சொந்த வாழ்க்கைச் செலவைக் கழிப்பார்கள். முப்பது வயதும் அதற்குக் கீழும் என்றால் பதினாறு ஆண்டுகள் என்று நிலையான கணக்கு. 2019 செப்டம்பர் முதல் தேதி நடைமுறைக்கு வந்த திருத்தத்திற்கு முன்பு, அறுபதுக்குப் பதில் ஐம்பத்தைந்து என்றிருந்தது. அப்போது இதே மனிதருக்கு 1,80,000 ரிங்கிட்தான். மரணம் நேர்ந்தால் வழங்கும் துக்க இழப்பீடும் அதே திருத்தத்தால் 10,000 ரிங்கிட்டிலிருந்து 30,000 ஆயிற்று.

இனி கவனியுங்கள். அதே தொழிலாளியின் சம்பளச் சீட்டில் 1,200 ரிங்கிட் மட்டும் எழுதி, மீதி 800-ஐ முதலாளி கையில் கொடுத்து வந்தாரென்றால்? கையில் வாங்கியதை நிரூபிக்க முடியாவிட்டால் கணக்கு 1,44,000-இல் நின்றுவிடும். 96,000 ரிங்கிட் காற்றோடு போகும். சேமநிதிப் பணம் பிடிப்பது குறைகிறதே என்று மகிழ்ந்து, இப்படிச் சம்பளம் வாங்குவோர் நம்மில் பலர். பூக்கடை, பலகாரக்கடை வைத்திருப்போருக்கும் இது பொருந்தும். சொந்தத் தொழிலின் வருமானத்தையும் சட்டம் ஏற்கிறது. ஆயினும் உரிமம் எடுக்காமல் நடத்தும் தொழிலின் வருமானம் நீதிமன்றத்தில் செல்லாமல் போகக்கூடும். உரிமம், வங்கிப் புத்தகம், வருமான வரிப் பாரம் ஆகியவை விபத்துக்கு முன்பே இருக்க வேண்டியவை. பிறகு தேடினால் கிடைக்கா.

சம்பாதிக்காத இல்லத்தரசிகளும் மாணவர்களும் ஒன்றும் பெற முடியாதென எண்ண வேண்டாம். வலிக்கும் வேதனைக்கும், உறுப்பு ஊனத்திற்கும், மருத்துவச் செலவுக்கும் தனித்தனியே கோரலாம். எலும்பு முறிவு, பார்வை இழப்பு போன்ற ஒவ்வொரு காயத்திற்கும் வழக்கமாக எவ்வளவு தரப்படுகிறது என்ற பட்டியலை வழக்கறிஞர் மன்றம் 2018-இல் திருத்தி வெளியிட்டிருக்கிறது. உங்கள் வழக்கறிஞரிடம் அதைக் காட்டச் சொல்லுங்கள். ஓட்டியவர் மீதும் தவறு இருந்தால் அதற்கேற்பத் தொகை குறையும்.

மருத்துவமனைக் கட்டிலருகே வந்து குசலம் விசாரித்துக் கையெழுத்துக் கேட்கும் தரகர்களை நம்ப வேண்டாம். கிடைக்கும் தொகையில் இத்தனை விழுக்காடு எனக்கு என்று வழக்கறிஞர் பேரம் பேசுவதை 1976-ஆம் ஆண்டின் வழக்கறிஞர் தொழிற்சட்டம் தடை செய்கிறது. அதேபோல், காயம் ஆறுமுன் நீட்டப்படும் 'முழுமையான இறுதித் தீர்வு' என்ற தாளில் அவசரப்பட்டு ஒப்பமிடாதீர்கள். ஒப்பமிட்ட பிறகு இன்னொரு அறுவை சிகிச்சை தேவைப்பட்டால் செலவு உங்களுடையதே.

வேலைக்குச் செல்லும் வழியிலோ திரும்பும் வழியிலோ விபத்து நேர்ந்தால் சொக்சோவிலும் விண்ணப்பிக்க வேண்டும். அது வேறு, இது வேறு. ஒன்று கிடைத்ததென்று மற்றதைக் கைவிட வேண்டியதில்லை. காயத்திற்கு வழக்குத் தொடுக்க ஆறாண்டுகள் அவகாசம் உண்டு. ஆனால் இறந்தவரை நம்பியிருந்த குடும்பத்தாருக்கு மூன்றே ஆண்டுகள். மோதியது அரசாங்க வாகனமானால் 36 மாதங்கள்தான்.

தைப்பூசத்திற்கு உற்றார் உறவினரைக் காரில் ஏற்றிக்கொண்டு தண்ணீர்மலைக்கு வரும் அன்பர்களிடம் ஒரு வேண்டுகோள். சாதாரணக் கார் காப்புறுதியில், உங்கள் காரில் அமர்ந்திருப்போர் உங்கள்மீது கோரும் இழப்பீடு அடங்குவதில்லை. அடுத்த முறை காப்புறுதியைப் புதுப்பிக்கையில், பயணிகளுக்கான பொறுப்பையும் சேர்க்கச் சொல்லிக் கேளுங்கள். அதற்கான கூடுதல் கட்டணம் சிறிதுதான்.