துணை வேடம் கட்டப்போகும் பிள்ளைகளுக்கு

சேலம், நாமக்கல் பக்கமிருந்து நடிப்பு ஆசையோடு கிளம்பும் தம்பி தங்கைகளுக்குச் சொல்கிறேன். எல்லோரும் நாயகனாக வேண்டியதில்லை. குணச்சித்திர வேடம் ஆயுள் முழுக்கச் சோறு போடும் தொழில். அதன் பாலபாடம் ஊமைப் படத்தில் இருக்கிறது.

1. வசனத்தாளை ஓரமாக வையுங்கள். கிடைத்த காட்சியை முதலில் வாய் திறக்காமல் நடித்துப் பாருங்கள். கடன் கொடுத்தவர் வாசலில் வந்து நிற்கிறார். வீட்டுக்காரனுக்கு முதலில் எது அசையும்? கை. தோளில் கிடக்கும் துண்டைச் சரிசெய்யும், இல்லாவிட்டால் சட்டைப் பையைத் தொடும். பிறகு கண் தாழும். அதற்கும் பிறகுதான் “வாங்க, உட்காருங்க” என்ற பேச்சு. இந்த வரிசை பிடிபட்டால் வசனம் தானாக வரும். தமிழ் தெரியாத அமெரிக்கர் எல்லிஸ் டங்கன் நம் சேலத்தில் ‘பொன்முடி’யை இயக்கினார், ‘மந்திரி குமாரி’யை மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டூடியோ முதலாளி டி.ஆர். சுந்தரத்தோடு சேர்ந்து இயக்கினார். இரண்டும் 1950-ல் வந்தவை. மொழி தெரியாதவர் நடிகனைக் கண்ணையும் உடம்பையும் வைத்துத்தானே எடைபோட்டிருக்க முடியும்?

2. ராஜா சாண்டோவைத் தெரிந்துகொள்ளுங்கள். புதுக்கோட்டைக்காரர், இயற்பெயர் பி.கே. நாகலிங்கம். தேகப்பயிற்சிக்காரர். பம்பாய்க்குப் போய் 1920-களில் ஊமைப் பட நட்சத்திரமானார். கட்டுமஸ்தான உடம்புக்கு வீரதீர வேடம் கிடைப்பதில் ஆச்சரியமில்லை. நான் மெச்சுவது வேறு. 1927-ல் வந்த ‘குணசுந்தரி’யில் நடிகை கோஹர் மனைவியாக வருகிறார், இவர் வீட்டுக் கவலைகளைக் காதில் வாங்காத கணவன். மல்யுத்தம் எதுவும் அங்கே உதவாது. உடம்பைக் காட்டத் தெரிவதைப் போலவே அதை அடக்கவும் தெரிய வேண்டும். பிறகு தெற்கே திரும்பி ‘பேயும் பெண்ணும்’ போன்ற ஊமைப் படங்களை இயக்கினார். பேசும்படம் வந்ததும் பலர் ஒதுங்கிப் போனார்கள். இவர் 1935-ல் டி.கே.எஸ். சகோதரர்களின் ‘மேனகா’வை இயக்கினார். என்.எஸ். கிருஷ்ணன் முதன்முதலில் திரையில் தெரிந்தது அந்தப் படத்தில்தான். இன்று தமிழக அரசு இவர் பெயரில் விருது கொடுக்கிறது. வாங்குகிறவர்களில் எத்தனை பேருக்கு இவரைத் தெரியும் என்று நினைத்தால் எனக்கு வருத்தம்தான்.

3. உங்கள் முகத்துக்கு நீங்களே அரிதாரம் பூசப் பழகுங்கள். நம் கூத்துக்காரர்கள் கண்ணாடியைக் கையில் பிடித்துக்கொண்டு தாமே பூசிக்கொள்வதைப் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். புருவம் ஏற ஏற நடையும் மாறும். ஊமைப் படக் காலத்தின் பெரும்பகுதியில் ஃபிலிமுக்குச் சிவப்பு தெரியாது, உதட்டுச் சாயம் கறுப்பாக விழும். அதையெல்லாம் கணக்குப் பார்த்துப் பூச வேண்டியிருந்தது. அமெரிக்காவில் ஊமைப் பட நடிகர் லான் சேனி தன் வேடங்களைத் தானே போட்டார். அவருடைய தாய் தந்தை இருவருக்கும் காது கேட்காது. பேசாமல் பேசுவதை வீட்டிலேயே கற்றவர். பல வேடம் போட்டவர் நம் ஊரிலும் ஒருவர் உண்டு. மாடர்ன் தியேட்டர்ஸின் ‘திகம்பர சாமியார்’ படத்தில் எம்.என். நம்பியார் 11 வேடம் போட்டார். அதே 1950-ல் ‘மந்திரி குமாரி’யில் ராஜகுரு. அப்போது அவருக்கு வயது 31. வளர்ந்த மகனுக்கு அப்பாவாக நின்றார்! வயதான வேடம் வந்தால் முகம் சுளிக்காதீர்கள் கண்ணுகளா.

4. அடுத்தவர் நடிக்கும்போது அவரைக் கவனியுங்கள். கேமரா உங்கள் பக்கம் இல்லாவிட்டாலும்.

5. நேரத்துக்கு வாருங்கள். திருச்செங்கோட்டுக்காரரான டி.ஆர். சுந்தரம் 1935-ல் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸில் நடிகர்களுக்கு மாதச் சம்பளம். முதலாளி கண்டிப்புக்குப் பேர் போனவர். நூற்றுக்கு மேல் படங்கள் வெளிவந்ததற்கு அந்தக் கண்டிப்பு ஒரு முக்கியக் காரணம். ஏற்காடு சாலையில் நுழைவு வளைவு மட்டும் இன்னும் நிற்கிறது. போய்ப் பாருங்கள்.

6. பழைய காகிதத்தை எறியாதீர்கள். தென்னிந்திய ஊமைப் படங்களில் இன்று பார்க்கும்படி மிஞ்சியிருக்கும் மிகச் சிலவற்றில் ஒன்று நாகர்கோவில் சுந்தரராஜ் தயாரித்த ‘மார்த்தாண்ட வர்மா’ (1933). நடராஜ முதலியாரின் ‘கீசகவதம்’ இல்லை. சாண்டோவின் தமிழ்நாட்டு ஊமைப் படங்களும் இல்லை. படம் போனாலும் காகிதமாவது மிஞ்சட்டும். உங்கள் தாத்தா வீட்டுப் பரணில் பட நோட்டீஸ், பாட்டுப் புத்தகம், ஸ்டூடியோவில் எடுத்த போட்டோ எது இருந்தாலும் கரையானுக்கு முன்னால் நீங்கள் எடுத்துவிடுங்கள். படத்தில் இருப்பவர் யார் என்று வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டுப் பின்பக்கம் பென்சிலால் எழுதி வையுங்கள். இந்தத் தீபாவளிக்கு ஊருக்குப் போகும்போதே செய்யுங்கள்.