வெள்ளைக் கட்டையில் ஏழு பாலை

பிரேயருக்கு வாசிக்கிற ஆர்மோனியத்தை எல்லாரும் பார்த்திருப்பீங்க. அதில் கறுப்புக் கட்டை மூன்று சேர்ந்து இருக்கும் இடத்தைக் கண்டுபிடியுங்கள். முதல் கறுப்புக்கும் இரண்டாவது கறுப்புக்கும் நடுவில் உள்ள வெள்ளைக் கட்டையை 'ச' என்று வைத்து, வெள்ளையிலேயே ஏழு கட்டை ஏறுங்கள். வருவது அரிகாம்போதி. சிலப்பதிகாரம் சொல்லும் செம்பாலை இதுதான் என்பது ஆராய்ச்சியாளர் பலருடைய முடிவு.

அன்று ச ரி க ம ப த நி-க்குப் பெயர் குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம். இப்போ அடுத்த கட்டையான துத்தத்தைக் குரலாக வைத்து ஏறுங்க. அதே ஏழு கட்டைதான், ஆனா ராகம் மாறி நடபைரவி ஆகிவிடும்! இது படுமலைப்பாலை. உழையில் தொடங்கினால் சங்கராபரணம் (அரும்பாலை), இளியில் கரகரப்பிரியா (கோடிப்பாலை), விளரியில் தோடி (விளரிப்பாலை), தாரத்தில் கல்யாணி (மேற்செம்பாலை). கைக்கிளையில் தொடங்கும் செவ்வழிப்பாலை மட்டும் தகராறு. அதில் 'ப' விழ வேண்டிய இடத்தில் விழாது. வாசிச்சுப் பாருங்க, காதுக்கே தெரியும்.

ஐரோப்பாவிலும் இதே வேலை நடந்திருக்கிறது. தேவாலயப் பாட்டுக்கு எட்டு முறைதான் என்று பல நூறு ஆண்டு சொல்லி வந்தார்கள். கிளாரியன் என்ற சுவிஸ் நாட்டு அறிஞர் 1547-ல் புத்தகம் எழுதி, பன்னிரண்டு என்றார்.

நமக்கு இதெல்லாம் எப்படித் தெரிந்தது? சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்குநல்லாரால்தான். காலம் 12, 13-ஆம் நூற்றாண்டு என்பார்கள். பெருநாரை, பெருங்குருகு முதலிய இசை நூல்கள் தன் காலத்திலேயே இறந்துவிட்டன என்று அவர் எழுதுகிறார். மிச்சம் இருந்த இசைநுணுக்கம், பஞ்சமரபு போன்ற ஐந்து நூல்களை வைத்துத்தான் உரை செய்தார். அவற்றில் பஞ்சமரபின் சுவடி 20-ஆம் நூற்றாண்டில் கிடைத்து அச்சேறியது. உ.வே.சா. 1892-ல் சிலப்பதிகாரத்தை உரையோடு பதிப்பித்தபோதும் ஒரு குறை. மாதவி யாழோடு பாடும் கானல்வரிக்கு அடியார்க்குநல்லார் உரை கிடைக்கவில்லை. எல்லாப் பகுதியிலும் அதுவா போகணும்! எனக்கு இன்னும் ஆறவில்லை.

நம்ம அண்ணாமலையார் மேல் சம்பந்தர் பாடிய பதிகம் இரண்டு. ஒன்றின் பண் நட்டபாடை, மற்றதன் பண் தக்கேசி. ஓதுவார்கள் இன்று நட்டபாடையைக் கம்பீர நாட்டையிலும், தக்கேசியைக் காம்போதியிலும் பாடுகிறார்கள். காம்போதி அரிகாம்போதியில் பிறந்த ராகம். அதாவது மேலே நீங்கள் முதலில் வாசித்த அதே வெள்ளைக் கட்டைகள். அடுத்த முறை கோயிலில் ஓதுவார் தக்கேசிப் பதிகம் பாடும்போது நின்று கேளுங்க.

— பதினொன்றாம் வகுப்பு மாணவி